எந்தப் பசலி?

பட்டாவில் பெயர் மாற்றும் வேலை. தாத்தாவின் தகரப் பெட்டியைக் குடைந்து ஒரு பழைய கிஸ்தி ரசீதை எடுத்துக்கொண்டு தாலுகா அலுவலகத்துக்குப் போயிருந்தேன். அந்தக் காலத்து அடங்கல் நகல் ஒன்று வேண்டும் என்றேன். மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவர் தலையை நிமிர்த்தாமலே கேட்டார்: "எந்தப் பசலி?"

"அறுபத்தொன்று, அறுபத்திரண்டு வாக்கில்..." என்று இழுத்தேன்.

"அது ஆங்கில வருடம். பசலியைச் சொல்லுங்கள்."

ரசீதை நீட்டினேன். ‘பசலி 1371’ என்று கர்ணத்தின் சாய்ந்த கையெழுத்து. சிறுவயதில் இந்த எண்ணைப் பார்த்துவிட்டு, எங்கள் ஒன்றே கால் ஏக்கர் 1371ஆம் ஆண்டிலிருந்தே எங்களுடையது என்று பள்ளிக்கூடத்தில் அளந்துவிட்டவன் நான். "590ஐக் கூட்டிக்கொள்ளுங்கள், அவ்வளவுதான்" என்று அவரே சொல்லிக்கொடுத்தார். கூட்டினால் 1961. அந்த ஜூலை முதல் தேதியில் தொடங்கி மறு ஜூன் முடிய ஒரு பசலி, அதாவது நிலவரி ஆண்டு. விண்ணப்பத்தை எழுதிக் கொடுத்துவிட்டு வெளியே வந்தேன். 590 மட்டும் கூடவே வந்தது. கி.பி. 590இல் என்ன நடந்தது என்று அங்கிருந்து பஸ்ஸில் வரும்போதே தேடிப் பார்த்தேன். இந்தக் கணக்குக்குச் சம்பந்தப்பட்ட எதுவும் நடக்கவில்லை. இதைத் தொடங்கிவைக்க எந்த அரசரும் பட்டம் ஏறவில்லை, எந்தச் சமயமும் பிறக்கவில்லை. சம்பந்தமாக ஒன்றுமே நடக்காத ஆண்டிலிருந்து ஏன் ஒரு கணக்குத் தொடங்குகிறது?

விடை தேடிப் படிக்கத் தொடங்கியவன் பாக்தாதில் போய் நின்றேன்.

வழிகாட்டியாக வாய்த்தவர் அபூ ரைஹான் அல்-பீரூனி என்ற அறிஞர். 973இல் மத்திய ஆசியாவின் குவாரிஸ்மில் பிறந்தவர். முப்பது வயதுகூட நிரம்பாத பருவத்தில், 1000ஆம் ஆண்டு வாக்கில், தமக்குத் தெரிந்த எல்லா மக்களின் ஆண்டுக் கணக்குகளையும் ஒரே நூலில் அடுக்கினார். நூலின் பெயர் ‘அல்-ஆஸார் அல்-பாக்கியா’. கடந்த தலைமுறைகள் விட்டுப்போன தடயங்கள் என்று பொருள். இந்தப் ‘பாக்கியா’வும், மளிகைக்கடைக்காரர் நோட்டில் எழுதிவைக்கும் ‘பாக்கி’யும் ஒரே வேர்ச்சொல்லின் பிள்ளைகள். கணக்கில் எஞ்சி நிற்பது பாக்கி. காலத்தில் எஞ்சி நிற்பது பாக்கியா.

பீரூனி அரசர்களில் தொடங்கவில்லை. நாள் என்றால் என்ன, அது எப்போது தொடங்குகிறது என்பதில் தொடங்குகிறார். அரபுகளுக்கு நாள் சூரியன் மறையும்போது பிறக்கிறது. அதற்குக் காரணம் எளிது. மாதம் பிறையில் பிறக்கிறது, பிறை மாலையில்தான் தெரியும். மாதத்தின் முதல் நாள் மாலையில் தொடங்கினால் எல்லா நாளும் மாலையில்தான் தொடங்கியாக வேண்டும்.

இதைப் படித்தபோது பழைய அவமானம் ஒன்று விளங்கியது. கல்லூரிக் காலத்தில் கடலோர ஊர் நண்பன் ஒருவன், "வெள்ளி இரவு எங்கள் வீட்டில் மௌலிது, கட்டாயம் வந்துவிடு" என்று அழைத்தான். வெள்ளிக்கிழமை மாலை குளித்து, வேட்டி கட்டிக்கொண்டு போய்ச் சேர்ந்தேன். வாசலில் பந்தல் பிரித்துக்கொண்டிருந்தார்கள். வியாழன் பொழுது சாய்ந்ததுமே அவர்களுக்கு வெள்ளி பிறந்துவிட்டது. அவன் உம்மா சிரித்துக்கொண்டே மிச்சமிருந்த நெய்ச்சோற்றைச் சூடாக்கிப் போட்டார். ஒரு நாள் பிசகுக்கு எனக்கு நெய்ச்சோறு கிடைத்தது. வரலாற்று நூல்களில் அதே பிசகு யார் கண்ணிலும் படாமல் உட்கார்ந்திருக்கிறது.

மொராக்கோ நாட்டுப் பயணி இப்னு பதூதாவை எடுத்துக்கொள்ளுங்கள். சொந்த ஊரான தாஞ்சியரிலிருந்து புறப்பட்ட நாளை அவரே சொல்கிறார்: வியாழக்கிழமை, ரஜப் 2, ஹிஜ்ரி என்னும் இஸ்லாமிய ஆண்டுக் கணக்கில் 725. பெரும்பாலான நூல்கள் இதை 1325 ஜூன் 14 என்று அச்சிடுகின்றன. ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம், வேறு வேலை இல்லாமல், கிழமையைக் கணக்கிட்டுப் பார்த்தேன். ஜூன் 14 வெள்ளிக்கிழமை. மறுபடி போட்டுப் பார்த்தேன், வெள்ளிதான். மனிதர் வியாழன் என்கிறார். அப்படியானால் அவர் கிளம்பியது 13ஆம் தேதி.

பிழை அவருடையது அல்ல. பிறை பார்த்துத் தொடங்கும் மாதம் 29 நாளா 30 நாளா என்பது 29ஆம் நாள் மாலை வரை யாருக்கும் தெரியாது. மேகம் மூடினால் முப்பது. பின்னால் வந்த நாம் கையாளுவது ஓர் அட்டவணை. அதில் 30, 29 என்று மாதங்கள் மாறி மாறி வரும். 30 ஆண்டுக்கு 11 ஆண்டில் கடைசி மாதத்துக்கு ஒரு நாள் கூடும். எகிப்தை ஆண்ட ஃபாத்திமிகள் இந்த அட்டவணையையே சட்டமாக்கிக்கொண்டார்கள். போரா முஸ்லிம்கள் இன்றும் அதன்படிதான் நோன்பு வைக்கிறார்கள். மற்றவர்கள் மாடியேறி மேற்கைப் பார்த்தார்கள். 1325இல் தாஞ்சியர்க்காரர்கள் அட்டவணையைக் கேட்டுக்கொண்டு பிறை பார்த்திருக்க மாட்டார்கள்.

ஆகவே பழைய நூல்களில் தேதியைவிடக் கிழமைக்கே நான் அதிக மரியாதை கொடுக்கிறேன். ஏழு நாள் சுழற்சி எங்கும் அறுபடாமல் ஓடுகிறது. தேதி ஊருக்கு ஊர் ஒரு நாள் வழுக்கலாம்; வெள்ளிக்கிழமைத் தொழுகைக்குப் போன ஊர் முழுவதும் கிழமையைத் தவறவிட வாய்ப்பில்லை. சில இடங்களில் இரண்டும் அழகாகப் பொருந்திவிடும். பாலஸ்தீனத்தின் அய்ன் ஜாலூத்தில், எகிப்தை ஆண்ட மம்லூக்குகள் மங்கோலியர்களைத் தோற்கடித்தது வெள்ளிக்கிழமை, ரமலான் 25, ஹிஜ்ரி 658. அட்டவணையும் 1260 செப்டம்பர் 3, வெள்ளி என்றே சொல்கிறது. இப்படி ஒன்று பொருந்தும்போது வரும் மகிழ்ச்சியை வீட்டில் யாரிடமும் பகிர்ந்துகொள்ள முடிவதில்லை.

மொழிபெயர்க்கும்போது தேதிக்குள் இருக்கும் உயிர் போய்விடுவதும் உண்டு. சுல்தான் சலாஹுத்தீன் ஜெருசலேமுக்குள் நுழைந்தது 1187 அக்டோபர் 2. வெறும் எண். அதையே வெள்ளிக்கிழமை, ரஜப் 27 என்று சொல்லிப் பாருங்கள். நபிகள் ஜெருசலேமிலிருந்து விண்ணேற்றம் சென்றதாகக் கொண்டாடப்படும் மிஃராஜ் இரவின் நாள். உடனிருந்து எழுதியவர்கள் இந்தப் பொருத்தத்தைக் கண்டு உருகினார்கள். அக்டோபர் 2 என்று படிப்பவருக்கு அவர்கள் உருகியது ஏன் என்றே தெரியாது.

இனி, இந்த ஹிஜ்ரி ஆண்டுக் கணக்கு பிறந்த கதை. பீரூனி சொல்வது இது: கலீஃபா உமரிடம் ஒரு கடன் பத்திரம் வந்தது. ஷஅபான் மாதத்தில் திருப்பித் தர வேண்டும் என்று அதில் எழுதியிருந்தது. உமர் கேட்டார்: "எந்த ஷஅபான்? இப்போது நடப்பதா, வரப்போவதா?" பிறகு கூடிப் பேசினார்கள். ரோமர்களின் கணக்கு வேண்டாம், பாரசீகர்களின் கணக்கு வேண்டாம் என்று ஒவ்வொன்றாகத் தள்ளி, நபிகள் மக்காவிலிருந்து மதீனாவுக்குப் பெயர்ந்த ஆண்டை முதலாம் ஆண்டாக வைத்தார்கள். ஹிஜ்ரி 17 வாக்கில் முடிவான சங்கதி இது. பயணம் நடந்தது ரபீஉல் அவ்வல் மாதத்தில். ஆனால் ஆண்டு முஹர்ரமில்தான் தொடங்கும் என்று வைத்துக்கொண்டதால், ஹிஜ்ரிக் கணக்கு ஹிஜ்ரத்துக்கு இரண்டு மாதம் முன்பே, 622 ஜூலையில், தொடங்கிவிடுகிறது.

"எந்த ஷஅபான்?" என்ற வரியில் என் விரல் நின்றுவிட்டது. மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவர் கேட்ட அதே கேள்வி.

கதை நன்றாக இருக்கிறது என்பதற்காக அப்படியே நம்பிவிடலாமா? பீரூனியின் எண்களை நம்புவேன். அவர் கேட்டு எழுதிய கதைகளிடம் சற்று விலகியே நிற்பேன். இதற்கு நம் நாட்டிலேயே சாட்சி உண்டு. இந்தியாவைப் பற்றிய நூலில், பாரசீகர்களின் யஸ்தகிர்து ஆண்டு 400ஐ அளவுகோலாக நட்டு, அதற்கு நேராக விக்கிரம ஆண்டு 1088, சக ஆண்டு 953, குப்த ஆண்டு 712 என்று வரிசையாகக் கட்டிவைத்தார். கழித்துப் பார்த்தால் குப்தக் கணக்கு சக ஆண்டு 241இல் தொடங்குவது தெரியும், அதாவது 319–20இல். கூடவே ஒரு கதையும் சொன்னார்: குப்தர்கள் பொல்லாதவர்கள், வலிமை மிக்கவர்கள், அவர்கள் ஒழிந்த ஆண்டிலிருந்து மக்கள் இந்தக் கணக்கை எண்ணத் தொடங்கினார்களாம். பத்தொன்பதாம் நூற்றாண்டு அறிஞர்கள் சிலர் இந்தக் கதையை நம்பி, குப்தர்களின் ஆட்சி முழுவதையும் 319க்கு முன்னால் தள்ளிவிட்டார்கள். கல்வெட்டறிஞர் ஃபிளீட் 1888இல், மந்தசோர் கல்வெட்டின் துணையோடு, அந்த ஆண்டு குப்தர்களின் எழுச்சிக்கு உரியது, வீழ்ச்சிக்கு அல்ல என்று நிறுவினார். கதையால் இடம் பெயர்ந்த சந்திரகுப்தரையும் சமுத்திரகுப்தரையும் எண் திரும்பக் கொண்டுவந்து சேர்த்தது.

எனவே கதையை விட்டு ரசீதுக்கு வருகிறேன். ரசீது என்று சும்மா சொல்லவில்லை. ஹிஜ்ரி ஆண்டு எழுதப்பட்டு இன்றும் கையில் இருக்கும் மிகப் பழைய ஆவணங்களில் ஒன்று உண்மையிலேயே ஒரு ரசீது. எகிப்தில் கிடைத்த பாப்பிரஸ் ஏடு, இப்போது வியன்னாவில் இருக்கிறது. அப்துல்லா என்ற அரபுப் படைத்தலைவர், ஹெராக்லியோபொலிஸ் வட்டாரத்து அதிகாரிகளிடமிருந்து 65 ஆடுகள் பெற்றுக்கொண்டதற்கு எழுதிக்கொடுத்த சீட்டு. மேலே கிரேக்கம், கீழே அரபு. அரபுப் பகுதியில் ஜமாதுல் அவ்வல், ஆண்டு இருபத்திரண்டு. எந்தக் கணக்கின் இருபத்திரண்டு என்றுகூட எழுதவில்லை, வாங்குகிறவருக்குத் தெரியும். கிரேக்கப் பகுதியில் எகிப்தியரின் ஃபார்மூத்தி மாதம் 30, முதலாம் இண்டிக்‌ஷன். இண்டிக்‌ஷன் என்பது ரோமானியர்களின் 15 ஆண்டு வரிச் சுற்று; முதலாம் என்பது அதன் முதல் ஆண்டு. இரண்டையும் சேர்த்துப் பார்த்தால் 643 ஏப்ரல் 25. ஏட்டின் பின்புறம், இந்த ஆடுகள் அந்த முதலாம் ஆண்டு வரிக்கு முன்பணம் என்று கிரேக்கத்தில் குறிப்பு.

இந்த ஏட்டின் படத்தை வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தேன். உமர் அப்போது உயிரோடு இருக்கிறார். கணக்கு முடிவாகி ஐந்தாறு ஆண்டுதான் ஆகிறது. அதற்குள் ஆடு வாங்கியவர் சந்திரனைப் பார்த்துத் தேதி போடுகிறார். ஆடு கொடுத்தவர் தம் வரி ஆண்டைப் பார்த்துத் தேதி போடுகிறார். பின்னால் ஆயிரம் ஆண்டு நீடித்த இழுபறி முழுவதும் அந்த ஒரு முழ ஏட்டில் இருக்கிறது.

இழுபறி பதினோரு நாளைப் பற்றியது. சந்திர ஆண்டுக்கு 354 நாள், அவ்வப்போது 355. சூரிய ஆண்டைவிடப் பதினோரு நாள் குறைவு. இஸ்லாத்துக்கு முந்தைய அரபுகள் இடையிடையே ஒரு மாதத்தைச் செருகிச் சரிசெய்தார்கள். குர்ஆன் அதைத் தடுத்துவிட்டது. அன்றிலிருந்து ரமலான் கோடையிலும் வரும், மழையிலும் வரும், பனியிலும் வரும். வழிபாட்டுக்கு இதில் ஒரு நியாயம் இருக்கிறது: எந்த ஊருக்கும் நிரந்தரமாகக் கடுமையான நோன்பு வாய்க்காது. ஆனால் கோதுமை பிறையைப் பார்த்து விளைவதில்லை. 33 சந்திர ஆண்டு ஓடினால் விளைச்சல் 32தான் வந்திருக்கும். ‘கராஜ்’ என்னும் நிலவரியை எந்த ஆண்டில் எழுதுவது?

அப்பாஸியக் கலீஃபா முத்தவக்கில் 850களில் தம் வேட்டைக்காட்டில் உலாவிக்கொண்டிருந்தபோது பயிர் இன்னும் பச்சையாக இருப்பதைப் பார்த்தாராம். இப்போதுதானே வரி வசூலுக்கு அனுமதி கேட்டு வந்தார்கள், விளையாததற்கு மக்கள் எப்படிக் கட்டுவார்கள் என்று விசாரித்தார். பீரூனி சொல்லும் கதை இது. எண் அல்ல, கதை. ஆனால் அதன் பின்னால் உள்ள சிக்கல் உண்மை. வசூல் பாரசீகர்களின் புத்தாண்டான நவ்ரோஸ் நாளில் தொடங்கும். பாரசீக ஆண்டுக்குச் சரியாக 365 நாள், லீப் நாள் கிடையாது. நான்கு ஆண்டுக்கு ஒரு நாள் வீதம் நவ்ரோஸ் முன்னால் நகர்ந்துகொண்டே வந்தது. இஸ்லாத்துக்கு முன் பாரசீகத்தை ஆண்ட சாசானியர் காலத்தில் 120 ஆண்டுக்கு ஒரு மாதம் சேர்த்து இழுத்துப் பிடித்தார்கள் என்கிறார் பீரூனி. அவர்கள் அரசு போனதும் அதைச் செய்ய ஆள் இல்லை. கடன் வாங்கி வரி கட்டிய குடியானவர்கள், ஊரை விட்டே ஓடியவர்கள் என்று முறையீடுகள் குவிந்தன. முத்தவக்கில் நவ்ரோஸைத் தள்ளிவைக்க ஆணையிட்டார். கவிஞர் புஹ்துரி அதைப் புகழ்ந்து கவிதையும் பாடிவிட்டார். காரியம் நிலைபெறுவதற்குள், 861இல், கலீஃபாவைக் கொன்றுவிட்டார்கள். 895இல் முஃததித் என்ற கலீஃபாதான் வசூல் நவ்ரோஸை ஜூன் 11இல் ஆணியடித்து நிறுத்தினார். சூரியனைப் பின்பற்றும் சிரிய மாதத்தோடு அதைக் கட்டிப்போட்டதுதான் அவர் செய்த புத்திசாலித்தனம்.

நாளைக் கட்டியாயிற்று, ஆண்டு எண்ணை என்ன செய்வது? வரிக்கணக்கின் எண் ஹிஜ்ரியைவிட 33 ஆண்டுக்கு ஒன்று வீதம் பின்தங்கும். அதனால் எழுத்தர்கள் ஓர் எண்ணைத் தாண்டிக் குதித்தார்கள். எகிப்தில் அமைச்சர் அல்-அஃப்தல், ஹிஜ்ரி 501 பிறந்தபோது வரிக்கணக்கு 499லேயே நிற்பதைக் கண்டு, ஒரே ஆணையில் 501க்கு ஏற்றிவிட்டார். அந்த இடத்தில் ஒரு வரி ஆண்டு ஏட்டிலிருந்தே காணாமல் போகிறது. கொடுக்கவேண்டியவர் எவரும் தப்பவில்லை, வாங்கவேண்டியவர் எவரும் இழக்கவில்லை. எண் மட்டும் இல்லை. குகைத் தோழர்கள் முந்நூறு ஆண்டு உறங்கினார்கள், அதோடு ஒன்பது கூட்டிக்கொண்டார்கள் என்று குர்ஆனில் வரும் வசனத்தை, 300 சூரிய ஆண்டுக்கு 309 சந்திர ஆண்டு என்று உரையாசிரியர்கள் பலர் விளக்கினார்கள். கணக்கு கச்சிதமாகப் பொருந்துகிறது.

குதிக்க மறந்தால் என்ன ஆகும் என்பதைத் துருக்கியின் உதுமானியர்கள் காட்டினார்கள். சிப்பாய்க்குச் சம்பளம் சந்திர மாதப்படி, வரி வருவது சூரிய ஆண்டுப்படி. 32 விளைச்சலுக்கு 33 ஆண்டுச் சம்பளம். நழுவிப்போன அந்த ஆண்டை ‘சிவிஷ்’ என்றார்கள். கஜானா காலி, யெனிச்சேரிப் படை தெருவில்.

இவ்வளவு சுற்றிய பிறகுதான் 590க்கு வழி தெரிந்தது. ‘ஃபஸ்ல்’ என்றால் பருவம், அறுவடை. ‘ஃபஸ்லி’ அறுவடை ஆண்டு. முகலாயர்கள் எண்ணைக் குதிக்கவிடவில்லை. எளிதான ஒன்றைச் செய்தார்கள். ஒரு நாளில் நடப்பு ஹிஜ்ரி எண்ணை அப்படியே எடுத்து, இனி நீ சூரியனோடு நட என்று சொல்லிவிட்டார்கள். வடக்கே அக்பர் காலத்தில் ஒரு முறை. தக்காணத்தில் ஷாஜஹான் 1636இல். அன்று ஹிஜ்ரி 1046. 1636இலிருந்து 1046ஐக் கழித்தால் 590. நான் தேடிய ஆண்டில் இதற்குச் சம்பந்தப்பட்ட எதுவும் நடக்காததில் வியப்பில்லை. அது ஒரு கழித்தலின் மிச்சம். மளிகைக்கடைப் பாக்கி போல.

சென்னை மாகாணத்தில் பசலி ஆடி முதல் தேதியில் தொடங்கிக்கொண்டிருந்தது. 1855இல் ஜூலை 1 ஆக்கினார்கள். இன்றும் வருவாய்த்துறையின் ஜமாபந்திப் பலகையில் அந்த எண்தான். 2024 ஜூலையில் பசலி 1434 தொடங்கியது. அதே மாதம் பள்ளிவாசல் நாட்காட்டியில் ஹிஜ்ரி 1446 பிறந்தது. 1636இல் ஒரே எண்ணாக இருந்தவை. இடையில் சூரிய ஆண்டு 388 ஓடியிருக்கிறது, சந்திர ஆண்டு 400. இந்தக் கணக்கைப் போட்ட இரவு நான் தூங்கவில்லை என்றால் மிகை. ஆனால் மனைவியை எழுப்பிச் சொன்னேன்.

ஹிஜ்ரி ஆண்டோடு 622ஐக் கூட்டினால் கி.பி. வந்துவிடும் என்று நினைப்பவர்கள் இந்த இரண்டு பலகைகளையும் அருகருகே வைத்துப் பார்க்க வேண்டும். பாக்தாது விழுந்த ஹிஜ்ரி 656ஐ 1278 என்று அச்சிட்ட பழைய தமிழ் நூல் ஒன்று என்னிடம் இருக்கிறது. 1258 பிப்ரவரியில் மங்கோலியத் தலைவர் ஹுலாகு முடித்துவிட்ட வேலை அந்த நூலில் இருபது ஆண்டு தாமதமாக நடக்கிறது. 0.97ஆல் பெருக்கிவிட்டு 622ஐக் கூட்டியிருந்தால் போதும்.

பள்ளியில் நான் அளந்த 1371 என்ன ஆயிற்று என்று கேட்கலாம். கி.பி. 1371இல் தமிழ்நாட்டிலும் இரண்டு கணக்குகள் மோதிக்கொள்கின்றன. திருவரங்கத்துக் கல்வெட்டு, விஜயநகரத் தளபதி கோபணார் அரங்கனைத் திரும்பக் கொண்டுவந்து எழுந்தருளச் செய்ததை ‘பந்துப்ரியே’ என்ற சொல்லில் ஒளித்துவைத்திருக்கிறது. எழுத்துகளை எண்களாக்கித் தலைகீழாகப் படித்தால் சக ஆண்டு 1293, அதாவது 1371. விஜயநகர இளவரசர் குமார கம்பணரின் படையெடுப்போடு மதுரைச் சுல்தான்களின் கதை முடிந்தது என்று இதை வைத்தே சொல்லிவந்தார்கள். ஆனால் கடைசிச் சுல்தான் சிக்கந்தர் ஷாவின் நாணயங்களில் ஹிஜ்ரி 779 இருக்கிறது. 1377–78. தோற்றவர் ஏழு ஆண்டு கழித்து எங்கே உட்கார்ந்து நாணயம் அடித்தார்? இரண்டு எண்களும் நல்ல எண்கள். இடையில் உள்ள கதைதான் எழுதப்படவில்லை.

தாத்தாவின் ரசீதை மறுபடி எடுத்துப் பார்த்தேன். மேலே ‘பிலவ வருடம் மாசி 11’. கீழே ‘பசலி 1371’. ஓரத்தில் மங்கிய நீல முத்திரையில் 1962. ஆறு ரூபாய் சொச்சம், நயா பைசாவில். கிஸ்தி, வசூல், பாக்கி, ரசீது என்று அதில் அச்சிட்டிருந்த சொற்களில் பாதி ஆடு வாங்கிய அந்த ஏட்டை எழுதிய அரபுகளின் மொழியிலிருந்தோ அவர்களின் அண்டை வீட்டு மொழியிலிருந்தோ வந்தவை. அந்த மாசியில் கடலோர ஊரில் என் நண்பனின் வீட்டார் ரமலான் நோன்பில் இருந்திருப்பார்கள். அவர்களுக்கு ஆண்டு 1381.

அடங்கல் நகல் இரண்டு வாரத்தில் கைக்கு வந்தது. மூலப் பதிவேட்டிலேயே ‘பசலி 1371’ என்பதன் பக்கத்தில் பென்சிலால் யாரோ ஒரு கூட்டல் போட்டுப் பார்த்திருக்கிறார்கள். நகலில் அது மங்கலாகத் தெரிகிறது. 590ஐ 591 என்று எழுதி, அடித்துவிட்டு, மறுபடி போட்டிருக்கிறார்கள்.